தற்செயலாக நடந்த சோதனை

அக்டோபர் 9, திங்கள்

இன்று ஆவணக்காப்பகத்தில் மாசிலாமணி கிடைத்தார்.

மூன்று மாதமாக நான் புரட்டிக்கொண்டிருப்பவை, தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன் பாரிசில் வேலை செய்த குடியேற்றநாட்டுத் தொழிலாளர்களைக் கண்காணித்த ஓர் அலுவலகத்தின் கோப்புகள். யார் எந்தத் தொழிற்சாலையில், யாரோடு குடிக்கிறான், எந்தக் கூட்டத்துக்குப் போகிறான், எல்லாம் எழுதி வைத்திருக்கிறார்கள். வியட்நாமியர், அல்ஜீரியர், செனகல்காரர் கோப்புகள் கட்டுக்கட்டாக உண்டு. நம் பக்கத்து ஆட்கள்தான் கண்ணில் படவே இல்லை. இன்று ஒருவர். காரைக்காலில் பிறந்தவர், கார் தொழிற்சாலையின் உலைக்கூடத்தில் வேலை, ஆண்டு 1931. என் ஊர்க்காரர்!

அவரைப் பற்றி எழுதியவன் ஓர் உளவாளி. கோப்பில் அவன் பெயர் 'அந்துவான்'. தமிழ் தெரிந்தவன். எழுத்து அச்சடித்தது போல் இருக்கிறது.

"மாசிலாமணி மிளகாய்த்தூளைத் தீப்பெட்டியில் அடைத்துக் கோட்டுப் பையில் வைத்திருக்கிறான். மதியம் இரண்டு வியட்நாமியர்களோடும் ஓர் அல்ஜீரியனோடும் அமர்ந்து சாப்பிடுகிறான். எல்லாருடைய சூப்பிலும் தூவுகிறான்."

இந்த மூன்று வரிக்காகத்தான் இந்த வேலைக்கு வந்தேன் என்று தோன்றியது. கண் கலங்கிவிட்டது. பக்கத்து மேசைக்காரர் திரும்பிப் பார்த்தார்.

மாலையில் தவமலர் அக்காவிடம் சொன்னேன், இலங்கைக்காரர், நாங்கள் இருவரும்தான் இந்த வாடகை வீட்டில். அவர் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தார்.

"தீப்பெட்டிக்குள்ளயோ? கெட்டிக்காரன்" என்று சிரித்தார். பிறகு கேட்டார்: "உதை ஆர் பாத்து எழுதினது?"

"ஒரு உளவாளி, அக்கா."

கத்தி நின்றது. "அப்ப அவனும் பக்கத்தில இருந்து சாப்பிட்டவன்."

இது எனக்குத் தோன்றவில்லை.

அக்டோபர் 11, புதன்

காலையில் காப்பகம் போகாமல் அக்காவோடு அவர் வேலை செய்யும் ஹோட்டலின் வாசலுக்குப் போனேன். விமான நிலையத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது. அறை துப்புரவு செய்யும் பெண்கள் இருபத்திரண்டு பேர், வேலைநிறுத்தம் தொடங்கி ஐந்து வாரம். மணிக்கு நான்கு அறை என்றால் முதுகு உடைகிறது, மூன்றாகக் குறை என்பதுதான் முதல் கோரிக்கை. தண்ணீர் டப்பாவைக் கவிழ்த்துப் போட்டுத் தட்டுகிறார்கள், பழைய செய்தித்தாளைக் கிழித்துப் பூவாகத் தூவுகிறார்கள். தலைவி அயிசாத்தா, மாலி நாட்டுக்காரர், கம்பீரமான குரல். தமிழர் அக்கா ஒருவர்தான்.

அங்கே எல்லாரும் அவரை 'சுகந்தினி' என்று கூப்பிடுகிறார்கள். முதலில் எனக்குப் புரியவில்லை. டிராமில் திரும்பும்போது அக்கா காதோடு சொன்னார்: அவருடைய அடைக்கல மனு இரண்டு தடவை தள்ளுபடி. ஒன்றுவிட்ட தங்கை சுகந்தினியின் வதிவிட அட்டையைக் காட்டித்தான் ஏழு வருஷமாக வேலை.

"வீட்டில இருக்கிற உங்களுக்குத் தெரியாம இருக்கிறது சரியில்லை. அதுதான் சொன்னனான்."

"நான் யார்கிட்டக்கா சொல்லப்போறேன்" என்றேன்.

அக்டோபர் 17, செவ்வாய்

வதிவிட அட்டை அலுவலகம். ஆகஸ்டிலேயே என் அட்டை முடிந்துவிட்டது. கையிலிருப்பது டிசம்பர் 4 வரை செல்லும் தற்காலிகச் சீட்டு. அதை நீட்டித்தால்தான் பல்கலைக்கழகம் அடுத்த ஆண்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திடும்.

கண்ணாடிக்குப் பின்னால் இருந்த பெண் என் கோப்பைப் பார்த்தாள், எழுந்து போனாள். கால் மணி கழித்து ஓர் ஆள் வந்து என்னை வேறு அறைக்கு அழைத்துப்போனார். நாற்பது வயதிருக்கும். நீல ஸ்வெட்டர். அதிகாரி போலவே இல்லை. தன்னை பத்ரிக் என்றார். எந்தத் துறை என்று சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

"வரலாற்றாய்வாளர்! தமிழ், பிரெஞ்சு இரண்டும் தெரிந்தவர் எங்களுக்குக் கிடைப்பதே அரிது, மேடம். ஒருநாள் காபி குடிக்கலாமா? உங்கள் ஆய்வைப் பற்றித் தெரிந்துகொள்ள ஆசை."

சீட்டைத் திருப்பிக் கொடுத்தபோது இரண்டு விரலால் ஒரு கணம் பிடித்திருந்தார். அல்லது எனக்கு அப்படித் தோன்றியது.

அக்டோபர் 20, வெள்ளி

பத்ரிக் தொலைபேசியில் அழைத்தார். எண்ணை நான் கொடுக்கவில்லை. கோப்பில் இருந்திருக்கும்.

அக்டோபர் 24, செவ்வாய்

ரயில் நிலையத்துக்கு எதிரே ஒரு காபிக்கடை. முக்கால் மணி நேரம். என் ஆய்வைப் பற்றித்தான் பேச்சு. நிஜமாகவே ஆர்வமாகக் கேட்டார், நல்ல கேள்விகள் கேட்டார். மாசிலாமணியின் தீப்பெட்டியைச் சொன்னதும் வாய்விட்டுச் சிரித்தார்.

பிறகு விமான நிலையத்துப் பக்கம் நடக்கும் வேலைநிறுத்தம் வந்தது. நான் ஒருநாள் வாசலில் நின்றது அவருக்குத் தெரிந்திருக்கிறது. "தவறில்லை மேடம், இது சுதந்திர நாடு. எங்களுக்குக் கவலை என்னவென்றால், தமிழ்ப் பெண்கள் அமைதியானவர்கள். உழைப்பாளிகள். ஆப்பிரிக்கப் பெண்கள்தான் அவர்களைத் தூண்டிவிடுகிறார்கள். பாவம், கடைசியில் மாட்டிக்கொள்வது அமைதியானவர்கள்தான்."

நான் தலையாட்டினேன். மறுத்துப் பேச அது இடமில்லை.

ஒன்றும் சொல்லவில்லை. செய்தித்தாளில் வராத எதையும் சொல்லவில்லை. கோரிக்கைகள், அயிசாத்தாவின் பெயர். அது எல்லாத் துண்டுப் பிரசுரத்திலும் இருக்கிறது.

வரும் வழியில் அரை கிலோ வெண்டைக்காய் வாங்கினேன். முற்றல்.

அக்டோபர் 26, வியாழன்

அந்துவானின் மார்ச் மாத அறிக்கை: "இந்தியத் தொழிலாளி இயல்பில் சாந்தமானவன், பணிவுள்ளவன். அவனைக் கெடுப்பவர்கள் அல்ஜீரியர்களும் கருப்பர்களும்."

எங்கேயோ கேட்ட மாதிரி இருந்தது. படம் எடுத்துக்கொண்டு பக்க எண்ணைக் குறித்துக்கொண்டேன்.

அக்டோபர் 31, செவ்வாய்

மழை. குளியலறைக் குழாய் ஒழுகுகிறது.

நவம்பர் 3, வெள்ளி

இரண்டு நாளாக, தெருவில் யாராவது பின்னால் நடந்தால் நின்று வழிவிடுகிறேன். அவர்கள் கடந்து போனபிறகுதான் நடக்கிறேன். அக்கா பார்த்துவிட்டார்.

"என்ன தங்கச்சி, ஆரையும் கண்டு பயப்பிடுறீங்களோ?"

"இல்லக்கா, கால் வலி."

"எனக்கும் வந்த புதுசில உப்பிடித்தான் கால் வலிச்சது" என்றார். சிரிக்கவில்லை.

நவம்பர் 6, திங்கள்

மறுபடி பத்ரிக். அதே கடை, அதே மேசை.

என் சீட்டு விஷயத்தை அவரே எடுத்தார். கோப்பு இன்னும் மேலதிகாரியின் மேசையில் இருக்கிறதாம், தான் ஒரு வார்த்தை சொல்லமுடியுமாம். பிறகு பொதுவான பேச்சு. வாடகை அறைகள், புறநகர் வாழ்க்கை. கூட யார் இருக்கிறார் என்று கேட்டார், பெயரைச் சொன்னேன். ஒரு பெயரைச் சொல்வதில் என்ன இருக்கிறது. இரண்டு பெண்கள் ஒரே வீட்டில் இருந்தால் தூக்கம் கெடுமே என்றார். ஆமாம், அவங்க காலை ஆறு மணி டிராமைப் பிடிக்க ஐந்தேகாலுக்கே எழுந்துவிடுவாங்க, கெட்டில் சத்தத்தில் நானும் எழுந்துவிடுவேன் என்றேன். சிரித்தார். நானும் சிரித்தேன்.

அவர் எதையும் குறித்துக்கொள்ளவில்லை. அது ஒரு ஆறுதல்.

நவம்பர் 7, செவ்வாய்

மாசிலாமணியின் கோப்பை முடித்துவிட்டேன்.

ஏப்ரல் 9, 1931: அந்துவான் எழுதுகிறான், "வியாழக்கிழமைகளில் வேலை முடிந்து கிழக்கு ரயில் நிலையத்தின் பக்கவாசல் வழியாகப் போகிறான். சங்கத்தின் துண்டுத்தாள்கள் சட்டைக்குள் இருக்கும்."

ஏப்ரல் 16, வியாழன்: காவலர் அறிக்கை, "ரயில் நிலையப் பக்கவாசலில் தற்செயலாக நடந்த சோதனையில் ஓர் இந்தியன் பிடிபட்டான்."

தற்செயலாக. அந்தச் சொல்லின் மேல் விரலை வைத்துக்கொண்டு வெகுநேரம் இருந்தேன். இரண்டு தாளையும் அடுத்தடுத்து வைத்தால் ஒரு குழந்தைக்குக்கூடப் புரியும். ஆனால் கோப்பில் அவை அடுத்தடுத்து இல்லை. நடுவில் நூற்றுப் பத்துத் தாள் இருக்கிறது.

மே மாதம் மார்செய் துறைமுகத்தில் கப்பல் ஏற்றிவிட்டார்கள். அதற்கு மேல் மாசிலாமணியைப் பற்றி ஒரு வரி இல்லை. ஊர் போய்ச் சேர்ந்தாரா என்றுகூட இல்லை.

அந்துவான் அடுத்த வாரமே வேறொருவரைப் பற்றி எழுதத் தொடங்குகிறான். அதே அழகான எழுத்து.

நவம்பர் 9, வியாழன்

அக்கா புட்டு அவித்திருந்தார். என்னால் சாப்பிட முடியவில்லை.

"ஏன்க்கா, இனிமே டிராமுல போகாம பஸ்ஸுல போங்களேன்."

"பஸ்ஸில போனா ரெண்டு தரம் மாறவேணும். ஏன்?"

"சும்மாதான். டிராமுல கூட்டம்."

"காலமை ஆறு மணிக்கு ஆர் கூட்டம்? நானும் ரெண்டு வேலைக்குப் போற பெடியளும்தான்." என் நெற்றியில் கைவைத்துப் பார்த்தார். "காய்ச்சல் இல்லை. படுங்கோ. நான் கெட்டிலைக் கதவைச் சாத்திப்போட்டு வைக்கிறன்."

சொல்லியிருக்கலாம். வாய் வரை வந்தது. சொன்னால் என்னவென்று சொல்வது? ஒன்றும் நடக்கவில்லையே இதுவரை.

நவம்பர் 14, செவ்வாய்

காலை ஏழு நாற்பதுக்கு அயிசாத்தா அழைத்தார். சுகந்தினி வரவில்லை, போனும் எடுக்கவில்லை, உடம்பு சரியில்லையா என்றார்.

கெட்டில் இன்னும் வெதுவெதுப்பாகத்தான் இருந்தது.

நவம்பர் 14, மாலை

டிராம் நிறுத்தத்தில் பிடித்திருக்கிறார்கள். கையில் சுகந்தினியின் அட்டை. விமான நிலையத்துக்கு அருகே உள்ள தடுப்பு முகாமுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அங்கே சீருடை இல்லாமல் மூன்று பேர் நின்றார்களாம். மற்றவர்களைப் பார்க்கக்கூட இல்லையாம். இது அந்த வேலைக்குப் போகும் பையன்களில் ஒருவன் அயிசாத்தாவிடம் சொன்னது. அவனுக்கும் அட்டை கிடையாது. சாட்சி சொல்ல வரமாட்டான்.

நான் அவனைக் குறை சொல்லவில்லை.

நவம்பர் 15, புதன்

வழக்கறிஞர் லெனா என்ற இளம்பெண். அக்காவின் அறையிலிருந்து பழைய அடைக்கல மனுவையும் கடவுச்சீட்டையும் எடுத்துக்கொண்டு போய்க் கொடுத்தேன். அக்காவின் அலமாரியை முதல்முறையாகத் திறந்தேன். வவுனியாவில் படிக்கும் மகளின் படம், மடித்து வைத்த நான்கு சேலை, வலிக்குப் பூசும் தைலம்.

அயிசாத்தாவும் அங்கே இருந்தார். லெனா காவலர் அறிக்கையை வாசித்துக் காட்டினாள்:

"அரசு வழக்கறிஞரின் பொது உத்தரவின்படி டிராம் நிறுத்தத்தில் தற்செயலாகத் தேர்ந்தெடுத்து நடத்திய அடையாளச் சோதனையில்…"

அந்தச் சொல். பிரெஞ்சில் அதே சொல்.

லெனா சொன்னாள்: "தற்செயலாக நடந்ததென்றால் சட்டப்படி சரி. ஒன்றும் செய்யமுடியாது. இவருக்காகவே காத்திருந்தார்கள், ஆள் யாரென்று முன்பே தெரியும் என்று நிரூபித்தால் சோதனையே செல்லாது. நீதிபதி விட்டுவிட வேண்டியதுதான். ஆனால் அதை எப்படி நிரூபிப்பது?"

அயிசாத்தா மேசையை ஓங்கித் தட்டினார். "யாரோ சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். எங்களில் யாரோ. நிர்வாகத்திடம் இருக்கும் பட்டியலில் சுகந்தினி என்றுதான் இருக்கிறது. எனக்கே அவளுடைய நிஜப் பெயர் தெரியாது!"

வெள்ளிக்கிழமை நீதிமன்றம். பேருந்திலிருந்து நடுவழியில் இறங்கி மீதித் தூரத்தை நடந்தேன்.

நவம்பர் 16, வியாழன்

மதியம் பத்ரிக் அழைத்தார்.

"நல்ல செய்தி, மேடம். உங்கள் கோப்பு நகர்ந்துவிட்டது. நான்காம் தேதி புதிய அட்டை. வாழ்த்துகள்." பிறகு, அதே குரலில்: "தீப்பெட்டிக் கதையை வீட்டில் சொன்னேன். என் மனைவிக்கு ரொம்பப் பிடித்தது."

நன்றி என்றேன். நான் நன்றி என்று சொன்னேன்.

போனை வைத்துவிட்டுக் கழுவுதொட்டி முன் நின்றேன். இனி இந்த நோட்டில் பொய் எழுதமுடியாது. ஆறாம் தேதி நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

கூட யார் இருக்கிறார் என்று அவர் கேட்டார். "தவமலர்" என்றேன். அந்த ஹோட்டலில் வேலை செய்பவரா என்றார். ஆமாம் என்றேன். அவர் காபியைக் கலக்கிக்கொண்டே, "அங்கே ஒரே ஒரு தமிழ்ப் பெண்தான் உண்டு, சுகந்தினி என்று நினைத்தேனே" என்றார். எங்கே வருகிறார் என்று எனக்கு அப்போதே புரிந்துவிட்டது. வேறொருவராக இருக்கும் என்று சொல்லியிருக்கலாம். தெரியாது என்று சொல்லியிருக்கலாம். சீட்டைப் பற்றி ஒரு வார்த்தை சொல்வதாக அவர் சொல்லி ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. நான் சொன்னேன்: "ரெண்டும் ஒருத்தர்தான்."

இதுதான் நான் சொன்னது. டிராம் நேரம் அதற்குப் பிறகு. அது தூக்கத்தைப் பற்றிய பேச்சு அல்ல என்று எனக்குத் தெரியும். தெரிந்துதான் சிரித்தேன்.

அடித்துக் கேட்டிருந்தால் சொல்லியிருக்கமாட்டேனோ என்னவோ. அவர் காபி வாங்கிக் கொடுத்துக் கேட்டார்.

மூன்று மணிக்கு லெனாவின் அலுவலகம் போனேன். நிரூபிக்க வழி இருக்கிறது என்றேன். அவள் முகம் மலர்ந்தது. நான் சொல்லச்சொல்ல அந்த மலர்ச்சி எப்படிப் போனது என்று எழுத விரும்பவில்லை. கடைசியில் ஒரு தாளை என் முன் வைத்தாள்.

"கைப்பட எழுதவேண்டும். பொய்யென்றால் தண்டனை உண்டு என்று தெரிந்தே எழுதுவதாகச் சேர்க்கவேண்டும். உங்கள் அடையாளச் சீட்டின் நகல் இணைக்கவேண்டும்." பிறகு கேட்டாள்: "உங்கள் சீட்டு எப்போது முடிகிறது?"

"டிசம்பர் நாலு."

"இது நீதிமன்றத்தில் சத்தமாக வாசிக்கப்படும். அந்த ஆளின் பெயரும் வரும். உங்களுக்கு அட்டை கிடைக்காது என்று நான் சொல்லமுடியாது. கிடைக்கும் என்றும் சொல்லமாட்டேன்."

மூன்று தாளைக் கிழித்தேன். எழுத்து கோணிக்கொண்டு போனது. நான்காவது தாள் நின்றது.

அக்காவிடம் முதலில் நானே சொல்லிவிட வேண்டும் என்றேன். முகாமில் பார்வையாளர் நேரம் முடிந்துவிட்டது என்றாள் லெனா.

நவம்பர் 17, வெள்ளி

முகாமை ஒட்டியே நீதிமன்றக் கூடம். சின்ன அறை, வெள்ளைச் சுவர். அடுத்தடுத்து ஆட்களைக் கொண்டுவருகிறார்கள். ஒவ்வொருவருக்கும் பத்து நிமிடம். முதல் நான்கு பேரையும் திருப்பி உள்ளே அனுப்பிவிட்டார்கள்.

அக்கா ஐந்தாவது. நான்கு நாளில் மெலிந்திருந்தார். என்னைப் பார்த்ததும் கையை லேசாகத் தூக்கிக் காட்டினார். வந்திருக்கிறேனே என்று அவருக்குச் சந்தோஷம்.

மொழிபெயர்ப்பாளர் ஒரு வயதான புதுச்சேரிக்காரர். அக்காவின் காதருகே குனிந்து நின்றார். லெனா எழுந்து என் தாளை வாசித்தாள். அவள் ஒரு வாக்கியம் வாசித்து நிறுத்த, அவர் அதைத் தமிழில் சொன்னார். கூடம் அமைதியாக இருந்ததால் எல்லாமே எனக்குக் கேட்டது.

"நவம்பர் ஆறாம் தேதி அந்த அதிகாரி எங்கிட்ட, கூட இருக்கிறவங்க பேரைக் கேட்டாருங்க… நான் நிஜப் பேரைச் சொன்னேனுங்க… ரெண்டு பேரும் ஒருத்தருதான்னு நான் சொன்னேனுங்க… காலைல ஆறு மணி டிராமுல போவாங்கன்னும் சொன்னேனுங்க…"

என் சொற்கள், என் ஊர்ப்பக்கத்துப் பேச்சில், முன்பின் தெரியாத ஒருவர் வாயில். அக்கா தலையைக் குனிந்து கவனமாகக் கேட்டார். பாதியில் ஒருமுறை மட்டும் மொழிபெயர்ப்பாளரைப் பார்த்து, "ஆர் சொன்னது?" என்று கேட்டார். அவர் தாளைப் பார்த்துவிட்டு, "புனிதவதிங்கிறவங்க. உங்ககூட இருக்கிறவங்க" என்றார்.

அதற்குப் பிறகு அக்கா என் பக்கம் திரும்பவே இல்லை.

அரசுத் தரப்பில் ஏதோ சொன்னார்கள். நீதிபதி கண்ணாடியைக் கழற்றி என்னைப் பார்த்தார். "இதை எழுதியது நீங்களா?"

எழுந்தேன். "நான்தான்."

"யாராவது கட்டாயப்படுத்தினார்களா?"

"இதை எழுதச் சொல்லி யாரும் கட்டாயப்படுத்தவில்லை" என்றேன்.

இருபது நிமிடம் கழித்துத் தீர்ப்பு. ஆளை முன்பே அறிந்து காத்திருந்த சோதனை தற்செயலானதல்ல. நடவடிக்கை செல்லாது. விடுதலை. அயிசாத்தா வாய்விட்டு அழுதார்.

வாசலில் அக்கா ஒரு பிளாஸ்டிக் பையோடு நின்றார். பக்கத்தில் போனேன். என்ன சொல்வதென்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்திருந்தேன், அவர் முந்திக்கொண்டார்.

"அண்டைக்கு பஸ்ஸில போகச் சொன்னது இதுக்குத்தானோ?"

"ஆமாக்கா."

"காரணத்தையும் சொல்லியிருந்தா போயிருப்பன்."

அவ்வளவுதான். அயிசாத்தாவோடு காரில் ஏறிப் போய்விட்டார்.

நவம்பர் 18, சனி

காலை ஐந்தேகாலுக்கு விழித்துக்கொண்டேன். சத்தமே இல்லை.

நவம்பர் 23, வியாழன்

காப்பகம் போனேன். அந்துவானின் மற்ற அறிக்கைகளை எடுத்துக் கொடுத்தார்கள். உறையைத் திறந்து அந்த எழுத்தைப் பார்த்ததும் மூடிவிட்டேன். இத்தனை நாளும் அவனை என் ஆதாரம் என்று நினைத்திருந்தேன். அவன் இல்லாவிட்டால் மாசிலாமணி இல்லை என்று வழிகாட்டிப் பேராசிரியருக்கு மின்னஞ்சல்கூட எழுதியிருந்தேன். அவன் இல்லாவிட்டால் மாசிலாமணி கோப்பில் இருந்திருக்கமாட்டார். பாரிசில் இருந்திருப்பார்.

நவம்பர் 30, வியாழன்

பதிவுத்தபால். நான்காம் தேதிச் சந்திப்பு ரத்து. கோப்பு 'கூடுதல் ஆய்வில்' இருக்கிறது. புதிய தேதி குறிப்பிடப்படவில்லை.

பத்ரிக்கின் எண்ணுக்கு அழைத்தேன். அந்த எண் உபயோகத்தில் இல்லை.

டிசம்பர் 4, திங்கள்

சீட்டு இன்றோடு முடிகிறது. பல்கலைக்கழகத்திலிருந்து மரியாதையான கடிதம்: செல்லுபடியாகும் ஆவணம் வரும்வரை ஒப்பந்தம் நிறுத்திவைக்கப்படுகிறது. லெனா முறையீட்டு மனு போடுகிறாள். மாதக்கணக்காகலாம் என்கிறாள். அதுவரை வெளியே அதிகம் சுற்றவேண்டாம் என்றாள்.

டிசம்பர் 6, புதன்

ரொட்டி வாங்கப் போனேன். தெருமுனையில் காவல் வண்டி. திரும்பி வந்துவிட்டேன். ஜன்னலிலிருந்து பார்த்தால் அது பழுதான விளக்குக்கம்பத்தைச் சரிசெய்ய வந்த நகராட்சி வண்டி. ஆனாலும் மறுபடி இறங்கவில்லை.

டிசம்பர் 9, சனி

பகல் பதினோரு மணிக்குக் கதவு தட்டும் சத்தம். மூச்சை அடக்கிக்கொண்டு நின்றேன். மூன்றாவது தட்டலுக்குப் பிறகு வெளியிலிருந்து குரல்: "நான்தான். திறவுங்கோ."

அக்கா துணிகளை எடுத்துப்போக வந்திருந்தார். அயிசாத்தாவின் வீட்டிலேயே ஒரு அறை கொடுத்திருக்கிறார்களாம். வேலைநிறுத்தம் தொடர்கிறதாம். இப்போது சொந்தப் பெயரில் வாசலில் நிற்கிறாராம், சங்கம் அவருக்கு வதிவிட அட்டை கேட்டு மனு கொடுத்திருக்கிறதாம். இதையெல்லாம் சுவரைப் பார்த்துக்கொண்டே சொன்னார். நான் சேலைகளை மடித்துக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார்.

"மன்னிச்சிடுங்கன்னு கேக்க எனக்கு வாய் வரலக்கா."

"கேக்காதேங்கோ. கேட்டா நான் ஏதும் சொல்லவேண்டி வரும்." பையின் ஜிப்பை இழுத்தார். அது சிக்கியது, இருவரும் பிடித்து இழுத்தோம். "என்ர மகளிட்ட இன்னும் சொல்லேல்லை. ஒரு தங்கச்சி இருக்கிறா, படிச்ச பிள்ளை, நல்லாப் பாக்கிறா எண்டுதான் அவளுக்குச் சொல்லி வச்சிருந்தனான்."

சமையலறையைப் பார்த்தார். ரொட்டி இல்லை, பால் இல்லை. அடுப்பில் வெறும் சோற்றுக்கஞ்சி. மேசையில் முடிந்துபோன சீட்டு.

"வெளியில போறேல்லையோ?"

தலையாட்டினேன்.

"எத்தனை நாளா?"

"மூணு நாளா."

வாசல் வரை போய்விட்டார். கதவைத் திறந்தவர் மறுபடி சாத்தினார். பையைக் கீழே வைத்துவிட்டு வந்து எனக்கு எதிரே உட்கார்ந்தார். நீதிமன்றத்துக்குப் பிறகு முதல்முறையாக என் முகத்தைப் பார்த்தார்.

"உப்பிடிக் கிடந்தா செத்துப்போவீங்கள். கவனமாக் கேளுங்கோ. ஒருக்காத்தான் சொல்லுவன்."

எந்த நிறுத்தத்தில் எந்தக் கிழமை காவலர்கள் நிற்பார்கள், ரயில் நிலையத்துக்கு எந்த வாசல் வழியாகப் போகவேண்டும், எந்தக் கடையில் சாமான் வாங்கலாம், சோதனை என்று தெரிந்தால் எந்தப் பக்கம் திரும்பி எப்படி ஓடாமல் நடக்கவேண்டும் என்று சொல்லத் தொடங்கினார். ஏழு வருஷம் பயந்து பயந்து கற்றுக்கொண்டது. ஒவ்வொன்றையும் விரலை மடக்கிச் சொன்னார். என் கை தானாகவே இந்த நோட்டை இழுத்தது, பேனாவைத் திறந்தேன்.

அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்.

"எழுதாதேங்கோ. மனசில வையுங்கோ."

பேனாவை மூடினேன். அவர் முதலிலிருந்து சொன்னார். நான் திருப்பிச் சொன்னேன். தப்பாகச் சொன்ன இடத்தில் திருத்தினார். மூன்று முறை சொல்ல வைத்தார்.

அவர் சொன்ன எதையும் இங்கே எழுதவில்லை.